மனுவைத் திரும்பப் பெறும்போது

(களம்பூரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



சட்டம் பற்றி ஏதாவது ஒரு பொருளில் பேசுங்கள் என்று அறக்கட்டளைப் பொறுப்பாளர்கள் கேட்டுக்கொண்டார்கள். பெரிய தலைப்புகளுக்குக் குறைவில்லை. நான் எடுத்துக்கொண்டது மிகச் சிறிய ஒன்று: வங்கிக்கு எதிராகப் போட்ட மனுவை, போட்டவரே திரும்பப் பெறுவது. நீதிமன்றத்தில் அது இரண்டு நிமிடக் காரியம். வழக்கறிஞர் எழுந்து ஒரு வாக்கியம் சொல்வார், நீதிபதி ஒரு வாக்கியம் சொல்வார், வழக்குக் கட்டு கைமாறிவிடும். வெளியே நிற்கும் மனுதாரருக்கு அங்கே என்ன நடந்தது என்றுகூடத் தெரியாது. ஆனால் அந்த இரண்டு வாக்கியங்களில் எந்தச் சொல் இருந்தது, எந்தச் சொல் விடுபட்டது என்பதில் ஒரு குடும்பத்தின் வீடு நின்றிருக்கிறது, போயும் இருக்கிறது. அதனால்தான் இதைப் பற்றி ஒரு முழு மாலை பேசலாம் என்று துணிந்தேன்.

நம் ஊரின் நிலைமையிலிருந்து தொடங்குகிறேன். களம்பூரில் கடன் வாங்குபவர்கள் பெரும்பாலும் இரண்டு வகை. ஒருவர் அரிசி ஆலைக்காரர்; அவர் கடன் பெரியது, ஆலோசனை சொல்ல ஆடிட்டர் உண்டு, சென்னையில் வழக்கறிஞர் உண்டு. இன்னொருவர் ஆரணிப் பட்டு நெய்பவர். அவர் வாங்குவது சில லட்சம். பட்டு நூலுக்கும் ஜரிகைக்கும் முதல் போட, அல்லது இன்னொரு தறி இறக்க, அல்லது மகள் திருமணத்துக்கு என்று வீட்டுப் பத்திரத்தை வைத்து வாங்கியது. ஜரிகை விலை வெள்ளியோடு ஏறும். சேலை விலை அப்படி ஏறாது. மூன்று மாதம் தவணை நின்றால், அதாவது 90 நாள் கடந்தால், கணக்கு வாராக்கடன் ஆகிவிடுகிறது. இந்த இரண்டாமவரை மனத்தில் வைத்துத்தான் இன்று பேசுகிறேன். ஏனென்றால் அவருடைய வீட்டுக்குள்தான் தறிக்குழி இருக்கிறது. வீடு ஏலம் போனால் குடியிருப்பும் தொழிலும் ஒரே நாளில் போகிறது. சென்னையில் அடுக்குமாடி வீட்டை இழப்பவர் மறுநாள் அலுவலகம் போகலாம். நெசவாளருக்கு மறுநாள் போக இடம் கிடையாது.

வங்கி கையில் இருப்பது சர்ஃபாசி என்று நாம் சொல்லும் 2002-ஆம் ஆண்டுச் சட்டம். நீதிமன்றத்துக்குப் போகாமலே அடமானச் சொத்தைக் கைப்பற்றி விற்க அது வங்கிக்கு அதிகாரம் தருகிறது. முதலில் 13(2) நோட்டீஸ். 60 நாள் அவகாசம். அதற்கு நாம் ஆட்சேபம் எழுதினால், 13(3ஏ) பிரிவின்படி வங்கி 15 நாளுக்குள் காரணத்தோடு பதில் தர வேண்டும். இந்த உட்பிரிவு முதலில் சட்டத்தில் இல்லை. 2004-இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சட்டத்தைச் செல்லும் என்று ஏற்றபோதே, கடனாளியின் ஆட்சேபத்தை வங்கி கேட்டுப் பதில் சொல்ல வேண்டும் என்றது; தீர்ப்பாயத்துக்குப் போக 75 விழுக்காடு பணம் கட்ட வேண்டும் என்றிருந்த நிபந்தனையையும் நீக்கியது. அதன் பிறகுதான் 13(3ஏ) சேர்ந்தது. 60 நாள் கழிந்தால் 13(4): கதவில் உடைமை அறிவிப்பு ஒட்டுவார்கள், இரண்டு நாளிதழில் விளம்பரம் வரும், அதில் ஒன்று வட்டார மொழியில் இருக்க வேண்டும். அந்த நாளிலிருந்து 45 நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தை, டி.ஆர்.டி.யை, 17-ஆம் பிரிவின்கீழ் அணுகலாம். தமிழ்நாட்டில் சென்னையில் மூன்று, கோவையில் ஒன்று, மதுரையில் ஒன்று. களம்பூர்க்காரர் சென்னைக்குத்தான் போக வேண்டும். பத்து லட்சத்துக்குக் குறைந்த கடனுக்கு, லட்சத்துக்கு 500 ரூபாய் கட்டணம். எட்டு லட்சக் கடனுக்கு 4,000 ரூபாய்.

இவ்வளவு தெளிவாக வழி இருக்கும்போது மக்கள் ஏன் வேறு இடத்துக்குப் போகிறார்கள்? பழி சொல்ல எனக்கு மனம் வரவில்லை. முதல் நோட்டீஸ் பெரும்பாலும் ஆங்கிலத்தில் வருகிறது. வாங்கியவர் அதை யாரிடம் காட்டுவார்? தெரிந்தவரிடம். அவர் ஆரணி நீதிமன்றத்தில் ஓர் உறுத்துக்கட்டளை வழக்குப் போடச் சொல்வார். சர்ஃபாசி சட்டத்தின் 34-ஆம் பிரிவு உரிமையியல் நீதிமன்றத்தின் கையைக் கட்டியிருக்கிறது என்பதை வங்கியின் எதிர்வாதம் வந்த பிறகுதான் அறிவார்கள். வங்கி செய்தது மோசடி என்று காட்ட முடிந்தால் ஒழிய அந்த வழக்கு நிற்காது. இன்னொரு சாரார் நேராக உயர் நீதிமன்றத்துக்கு ரிட் போடுகிறார்கள். அதற்கும் காரணம் உண்டு. தீர்ப்பாயத்தில் நீதிபதி இருக்கை பல காலம் காலியாகவே கிடந்திருக்கிறது. ஏலத் தேதி நெருங்குகிறது; கேட்க ஆள் இல்லாத தீர்ப்பாயத்தில் மனு போட்டு என்ன செய்ய? இது கடனாளியின் குற்றமில்லை. காலியிடத்தை நிரப்பாத அரசின் குற்றம் என்றே சொல்வேன்.

ஆனாலும் உயர் நீதிமன்றத்தில் கிடைக்கும் பதில் பெரும்பாலும் ஒன்றுதான். 2010-இல் யுனைட்டெட் பேங்க் ஆஃப் இந்தியா வழக்கில் உச்ச நீதிமன்றம் கடுமையாகவே சொன்னது: சட்டம் தனி வழி வகுத்திருக்கும்போது உயர் நீதிமன்றங்கள் இப்படிப்பட்ட ரிட் மனுக்களை எளிதில் ஏற்கக் கூடாது. 2018-இல் ஸ்டேட் பேங்க் ஆஃப் திருவாங்கூர் வழக்கிலும், அதற்குப் பின் வந்த வழக்குகளிலும் அதையே திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. ஆகவே மனு விசாரணைக்கு வந்ததும் நீதிபதி கேட்கும் முதல் கேள்வி, மாற்றுப் பரிகாரம் இருக்கிறதே, ஏன் இங்கே வந்தீர்கள் என்பதுதான். அந்தக் கேள்வி வந்த கணத்தில் வழக்கறிஞர் முன்னால் இரண்டு வழிகள். வாதாடித் தள்ளுபடி வாங்குவது ஒன்று. மனுவைத் திரும்பப் பெறுவது மற்றொன்று. நான் இன்று பேச வந்தது இந்த இடத்தைப் பற்றித்தான்.

திரும்பப் பெறுவதைத் தோல்வி என்று நினைப்பவர்கள் நம்மிடையே நிறைய. ஊரில் தலை குனிய வேண்டும் என்று, தள்ளுபடியானாலும் பரவாயில்லை வாதாடுங்கள் என்று வற்புறுத்துபவர்களை எல்லா வழக்கறிஞர்களும் அறிவார்கள். அந்த எண்ணம் தவறு என்று உறுதியாகச் சொல்கிறேன். நீதிமன்றம் உங்கள் வழக்கின் உள்ளடக்கத்தைப் பார்த்து, வட்டிக் கணக்கு சரி, நோட்டீஸ் சரி என்று எழுதிவிட்டால், அந்த எழுத்து நீங்கள் அடுத்துப் போகும் எல்லா இடத்துக்கும் கூடவே வரும். தீர்ப்பாயத்திலும் வங்கி அதைத்தான் முதலில் நீட்டும். ரிசர்வ் வங்கிக் குறைதீர்ப்பாளரோ, ஒரு நீதிமன்றம் தகுதி பார்த்து முடிவு செய்த புகாரை எடுத்துக்கொள்ளவே மாட்டார். உள்ளடக்கத்துக்குள் போகாமல் திரும்பப் பெற்ற மனுவுக்கு இந்த நிழல் கிடையாது.

ஆனால் எப்படித் திரும்பப் பெறுகிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 23, விதி 1 இதைச் சொல்கிறது. வழக்குப் போட்டவர் எந்நேரமும் அதைக் கைவிடலாம். யாரும் தடுக்க முடியாது. ஆனால் அதே விஷயத்துக்கு மறுபடி வழக்குப் போட வேண்டுமானால், முதல் வழக்கை விடும்போதே நீதிமன்றத்தின் அனுமதி வாங்கியிருக்க வேண்டும். முறைக் குறைபாட்டால் வழக்கு தோற்றுவிடும் என்றோ, அதற்கு ஒப்பான போதிய காரணம் உண்டு என்றோ காட்டினால் நீதிமன்றம் அந்த உரிமையைத் தரும். கேட்காமல் விட்டுவிட்டு வந்தால், திரும்பப் போக வழியில்லை.

இது இன்று நேற்று வந்த விதி அல்ல. 1859-ஆம் ஆண்டு நடைமுறைச் சட்டத்திலேயே இதன் விதை இருக்கிறது. 1869-இல் லண்டன் பிரிவி கவுன்சில் வரை போன ஒரு வழக்கு, வங்காளத்தில் ராஜ்ஷாஹி கலெக்டருக்கும் ராபர்ட் வாட்சன் கம்பெனிக்கும் நடந்தது. அந்தக் கம்பெனி அவுரியும் பட்டும் நடத்திய கம்பெனி என்பதால் பட்டு நெய்யும் ஊரில் அதன் பெயரைச் சொல்வது பொருத்தம். வழக்கை முழுதாக விசாரித்து, ஆதாரம் போதவில்லை என்று தள்ளிவிட்டு, வேண்டுமானால் மறுபடி வா என்று ஒரு நீதிமன்றம் தன் விருப்பத்துக்குச் சொல்லிவிட முடியாது. சட்டம் எந்த இடத்தில் அந்த உரிமையைத் தருகிறதோ அந்த இடத்தில் மட்டும்தான் என்று பிரிவி கவுன்சில் அன்று கண்டது. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு சொத்து வழக்கிலும் 2000-இல் உச்ச நீதிமன்றம் இதே கண்டிப்பைக் காட்டியது. கீழ் நீதிமன்றங்களில் தோற்றபின், இரண்டாம் மேல்முறையீட்டில் வந்து வழக்கையே திரும்பப் பெற்றுப் புதிதாகப் போட உரிமை கேட்டால், எதிரிக்குக் கிடைத்த தீர்ப்பை அழிப்பதாகும் என்று உயர் நீதிமன்றம் தந்த அனுமதியை நீக்கியது. ஆகவே காலத்தே கேட்க வேண்டும். எதிர்வாதம் எல்லாம் முடிந்து, நீதிபதி எந்தப் பக்கம் சாய்கிறார் என்று தெரிந்த பிறகு கேட்பது மிகவும் தாமதம்.

ரிட் மனுவுக்கு இந்த விதி நேராகப் பொருந்தாது. பொருந்தும்படி செய்தது 1986 நவம்பரில் சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கு. மத்தியப் பிரதேசத்தில் ஒரு பஸ் கம்பெனி, பர்மிட் விவகாரத்தில் ரிட் போட்டது. அனுமதி எதுவும் கேட்காமல் திரும்பப் பெற்றது. பிறகு அதே விஷயத்துக்கு இன்னொரு ரிட் போட்டது. நீதிபதி வெங்கடராமையா எழுதிய தீர்ப்பு: பிடிக்காத அமர்வைத் தவிர்த்துப் பிடித்த அமர்வைத் தேடுவதற்குத் திரும்பப் பெறுதல் ஒரு வழியாகிவிடக் கூடாது, ஆகவே அனுமதியில்லாமல் விட்டவருக்கு இரண்டாவது ரிட் கிடையாது. இந்தத் தீர்ப்பை வங்கி வழக்கறிஞர்கள் அடிக்கடி எடுத்துக் காட்டுவார்கள். ஆனால் அவர்கள் வாசிக்காமல் விடும் பகுதி ஒன்று அதிலேயே இருக்கிறது. இரண்டாவது ரிட் மட்டும்தான் அடைபடுகிறது. வழக்குப் போடுவது போன்ற மற்றப் பரிகாரங்கள் அடைபடவில்லை என்று அதே தீர்ப்பு சொல்கிறது. இளைய வழக்கறிஞர் நண்பர்கள் இதைக் குறித்துக்கொள்ள வேண்டும். அனுமதி வாங்க மறந்த கட்சிக்காரர் உங்களிடம் அழுதுகொண்டு வந்தால், எல்லாம் போயிற்று என்று அனுப்பிவிடாதீர்கள். 17-ஆம் பிரிவின் 45 நாள் மீதமிருக்கிறதா என்று பாருங்கள்.

இன்னும் அண்மையில், 2025 செப்டம்பரில், இதே கேள்வி ஒரு வங்கிக் கடனை வைத்தே உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. கேரளத்தில் ஃபெடரல் வங்கிக்குக் கடன்பட்ட ஒருவருக்கு உயர் நீதிமன்றம் தவணையில் கட்ட வழி செய்தது. அவருக்கு அது போதவில்லை. உச்ச நீதிமன்றத்துக்கு மேல்முறையீட்டு அனுமதி கேட்டுப் போனார். அங்கே மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். மறுபடி வரும் உரிமையைக் கேட்டு வாங்கவில்லை. பிறகு உயர் நீதிமன்றத்தில் மறுஆய்வு மனு போட்டு, அதுவும் தள்ளுபடியாகி, மீண்டும் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தார். நீங்கள் முன்பு விட்டுவிட்டுப் போன வழக்கு இது, இனி ஏற்க முடியாது என்று நீதிமன்றம் திருப்பி அனுப்பிவிட்டது. ஒரு வாக்கியம் விடுபட்டதற்கு அவர் கொடுத்த விலை அது.

அந்த வாக்கியம் எப்படி இருக்க வேண்டும்? வாயால் சொல்லிவிட்டு நீதிபதி எழுதுவார் என்று நம்பி நிற்காதீர்கள். மெமோவாக எழுதிக் கொடுங்கள். இப்படி இருக்கலாம்: “மனுதாரர் கடன் வசூல் தீர்ப்பாயத்தை அணுகவும், வங்கியிடம் ஒருமுறைத் தீர்வு கோரவும், ரிசர்வ் வங்கிக் குறைதீர்ப்பாளரை அணுகவும் உரிமை அளித்து, இந்த மனு நிலுவையில் இருந்த நாள்களைக் காலவரையறையில் கழிக்கக் கோருவதற்கும் இடம் வைத்து, வழக்கின் தகுதி பற்றி எதுவும் சொல்லாமல், மனுவைத் திரும்பப் பெற அனுமதிக்குமாறு வேண்டுகிறோம்.” இதில் ஒவ்வொரு துண்டுக்கும் வேலை இருக்கிறது. ஆணை நகல் வந்ததும் முதலில் பார்க்க வேண்டியது இந்தத் துண்டுகள் ஆணையில் ஏறியிருக்கின்றனவா என்பதை. “திரும்பப் பெறப்பட்டதால் தள்ளுபடி” என்று ஒற்றை வரி மட்டும் இருந்தால், அன்றே திருத்தம் கேட்டு மனு போட வேண்டும். கட்சிக்காரர்களுக்கும் சொல்கிறேன்: ஆணை நகலை வாங்கிப் படிக்கச் சொல்லிக் கேளுங்கள். கேட்பதற்குக் கூச்சப்பட வேண்டியதில்லை.

நாள் கணக்கைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் உரிமை வாங்கியவர்களும் இதில்தான் விழுகிறார்கள். நீதிமன்றம் அனுமதி தந்துவிட்டதால் காலமும் நின்றுவிட்டது என்று நினைக்கிறார்கள். கட்டளை 23-இன் அடுத்த விதியே, முதல் வழக்குப் போடப்படாதது போலவே காலவரையறை ஓடும் என்று சொல்கிறது. 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 14-ஆம் பிரிவுதான் ஒரே ஆறுதல்: அதிகாரமில்லாத மன்றத்தில் நல்லெண்ணத்தோடும் விடாமுயற்சியோடும் நடத்திய வழக்கின் நாள்களைக் கழித்துக்கொள்ளக் கேட்கலாம். கேட்கலாம் என்றுதான் சொன்னேன். நல்லெண்ணமா, வேண்டுமென்றே இழுத்தடித்ததா என்று வங்கி சண்டை போடும். ஏலத்தைத் தள்ளிப்போடவே தவறான இடத்தில் உட்கார்ந்திருந்தார் என்று தோன்றினால் அந்தச் சலுகை கிடைக்காது.

இன்னொரு கடிகாரம் இதைவிடக் கொடியது. முன்பெல்லாம் சொத்து கைமாறும்வரை முழுக் கடனையும் கட்டி மீட்டுக்கொள்ளலாம் என்ற நிலை இருந்தது. 2016-இல் 13(8) பிரிவைத் திருத்தினார்கள். இப்போது ஏல அறிவிப்பு வெளியாகும் நாளோடு அந்த உரிமை முடிகிறது. 2023-இல் செலிர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. உயர் நீதிமன்றத்தில் நிலைக்காத ஒரு ரிட்டை வைத்துக்கொண்டு வாய்தா வாங்கிக்கொண்டிருக்கும் நாள்களில்தான், உறவினரிடம் கடன் வாங்கியோ, நிலத்தின் ஒரு பகுதியை விற்றோ வீட்டை மீட்டிருக்கக் கூடிய நாள்களும் கழிந்துபோகின்றன. நிலைக்காத மனுவைச் சீக்கிரம் திரும்பப் பெறுங்கள் என்று நான் வற்புறுத்துவதற்கு இதைவிடப் பெரிய காரணம் எனக்குத் தெரியவில்லை.

சரி, திரும்பப் பெற்றவர் எங்கே போவது? உயர் நீதிமன்றம் வங்கியை அணுகச் சொல்லும்போது, வங்கி கட்டாயம் சலுகை தரும் என்று பொருளில்லை. 2021 டிசம்பரில் பிஜ்னோர் நகரக் கூட்டுறவு வங்கி வழக்கில், ஒருமுறைத் தீர்வைக் கொடு என்று ரிட் மூலம் வங்கிக்கு உத்தரவிட முடியாது, அது வங்கியின் வணிக முடிவு என்று உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. எனவே மனுவை விட்டுவிட்டு ஒருமுறைத் தீர்வு (ஓ.டி.எஸ்.) விண்ணப்பம் ஒன்றை மட்டும் நம்பி நிற்பது ஆபத்து. விண்ணப்பத்தைக் கொடுங்கள், கையில் முன்பணம் காட்டுங்கள், அதே வாரத்தில் தீர்ப்பாயத்திலும் மனுவைப் போடுங்கள். ஒன்று மற்றதைத் தடுக்காது.

குறைதீர்ப்பாளர் விஷயம் நேர்மாறானது. 2021 நவம்பர் 12-இல் தொடங்கிய ரிசர்வ் வங்கியின் ஒருங்கிணைந்த குறைதீர்ப்புத் திட்டத்தில், அதே புகார் ஏதாவது நீதிமன்றத்திலோ தீர்ப்பாயத்திலோ நிலுவையில் இருந்தால் எடுக்க மாட்டார்கள். மனுவைத் திரும்பப் பெற்றே ஆக வேண்டிய இடம் இது. முதலில் வங்கிக்கு எழுத வேண்டும். 30 நாள் பதில் வராவிட்டால், அல்லது வந்த பதில் திருப்தி தராவிட்டால், திட்டம் வகுத்த காலத்துக்குள் புகார் செய்யலாம். கட்டணம் இல்லை. வழக்கறிஞர் தேவையில்லை, உண்மையில் வழக்கறிஞர் மூலம் போடவே கூடாது. 14448 என்ற எண்ணில் கேட்டால் தகவல் சொல்வார்கள். இழப்புக்கு 20 லட்சம் வரையும், அலைக்கழிப்புக்கும் மன உளைச்சலுக்கும் ஒரு லட்சம் வரையும் அந்த 2021 திட்டத்தில் இழப்பீடு தர இடமிருந்தது.

ஆனால் எந்தக் குறைக்கு அங்கே போவது என்பதில் தெளிவு வேண்டும். தவறாகப் பிடித்த கட்டணம், கேட்டும் தராத கணக்கு அறிக்கை, சொல்லாமல் ஏற்றிய வட்டி, கட்டி முடித்த கடனை இன்னும் பாக்கி என்று சிபிலில் காட்டுவது, இவற்றுக்கு அவர் மிகப் பொருத்தமானவர். சிபில் தவறை 30 நாளில் திருத்தாவிட்டால் நாளுக்கு 100 ரூபாய் இழப்பீடு என்று 2023-இல் ரிசர்வ் வங்கி ஆணையிட்டிருக்கிறது. வீட்டுக் கதவில் உடைமை அறிவிப்பு ஒட்டியாகிவிட்டது என்றால் நிலைமை வேறு. குறைதீர்ப்பாளர் ஏலத்தை நிறுத்த மாட்டார். அந்த நிலையில் தீர்ப்பாய மனுவைத் திரும்பப் பெற்றுக்கொண்டு அவரிடம் போகச் சொல்லும் ஆலோசனை எவ்வளவு நல்ல எண்ணத்தில் வந்தாலும் அதைக் கேட்காதீர்கள்.

தறி வைத்திருப்பவர்கள் இன்னொன்றையும் செய்ய வேண்டும். சிறு தொழில்களுக்குக் கைகொடுக்க 2015 மே மாதம் மத்திய அரசு ஒரு சீரமைப்பு நெறிமுறை வெளியிட்டது. ரிசர்வ் வங்கி அதை 2016-இல் வங்கிகளுக்கு அனுப்பியது. 25 கோடி வரையான கடனுக்குப் பொருந்தும். கணக்கு வாராக்கடன் ஆகும் முன்பே, நலிவின் அறிகுறி தெரியும்போதே, வங்கி ஒரு குழுவின் முன் வைத்து வழி தேட வேண்டும். பல கிளைகள் இதைக் கடைப்பிடிக்கவே இல்லை. 2024 ஆகஸ்டில் ப்ரோ நிட்ஸ் என்ற ஆடைத் தொழில் நிறுவனத்துக்கும் கனரா வங்கிக்குமான வழக்கில், இந்த நெறிமுறை வங்கிகளைக் கட்டுப்படுத்தும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கூடவே ஒரு எச்சரிக்கையும் வைத்தது: தாம் சிறு தொழில் என்பதைக் கடனாளி உரிய நேரத்தில் ஆவணத்தோடு சொல்லியிருக்க வேண்டும், எல்லாம் முடிந்தபின் சொன்னால் பயனில்லை. உத்யம் பதிவுச் சான்று இல்லாத நெசவாளர்கள் இந்த அவையில் இருந்தால், நாளைக்கே பதிந்து, நகலை வங்கிக் கிளையில் கொடுத்து, முத்திரை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். 13(2) நோட்டீஸ் வந்துவிட்டாலும் உங்கள் ஆட்சேபக் கடிதத்தில் இதை எழுதத் தவறாதீர்கள். அந்தக் கட்டத்தில் தீர்ப்பாயத்துக்குப் போக முடியாது. கடிதம்தான் உங்கள் ஒரே ஆயுதம்.

நுகர்வோர் ஆணையத்தைப் பற்றிச் சுருக்கமாக: வணிக நோக்கத்துக்கு வாங்கிய சேவைக்கு அங்கே இடமில்லை என்றாலும், சுயதொழில் செய்து பிழைப்பதற்காக மட்டும் வாங்கியதற்கு 2019-ஆம் ஆண்டுச் சட்டம் விலக்குத் தருகிறது. கைத்தறிக்காரர் அந்த விலக்கில் வருவார். இரண்டாண்டுக்குள் போக வேண்டும்.

இனி தறியைப் பற்றி. வீட்டுக்குச் சீல் வைக்க அதிகாரிகள் வரும் நாளை நினைத்துப் பாருங்கள். மாவட்ட ஆட்சியரோ தலைமைக் குற்றவியல் நீதித்துறை நடுவரோ 14-ஆம் பிரிவில் ஆணையிட்டிருப்பார். குழித்தறியில் பாவு ஏற்றியிருக்கிறது. முந்தி இன்னும் நெய்யவில்லை. பாதிச் சேலை படமரத்தில் சுற்றியிருக்கிறது. அந்தப் பட்டும் ஜரிகையும் நெசவாளருடையதல்ல. கூலிக்கு நெய்யக் கொடுத்த முதலாளியுடையது, அல்லது கூட்டுறவுச் சங்கத்துடையது. கதவைப் பூட்டினால் அதுவும் உள்ளே மாட்டிக்கொள்ளும்; சீல் வைத்த வீட்டில் எலி தின்றாலும் கேட்பாரில்லை. சட்டம் இதற்கு என்ன சொல்கிறது? உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆம் பிரிவு, கைவினைஞரின் கருவிகளை ஜப்தி செய்யக் கூடாது என்கிறது. சர்ஃபாசி சட்டத்தின் 31-ஆம் பிரிவு, அப்படி ஜப்தி செய்ய முடியாத பொருள்களைத் தன் எல்லைக்கு வெளியே வைக்கிறது. அந்தக் கடனுக்காகவே குறிப்பாக ஈடு வைத்ததாக இருந்தால் மட்டும் விலக்கு இல்லை. ஆகவே உங்கள் கடன் பத்திரத்தில் ஈட்டுப் பொருளாக வீடு மட்டும் இருக்கிறதா, தறியும் எழுதப்பட்டிருக்கிறதா என்று இன்றே பார்த்துக்கொள்ளுங்கள். வீடு மட்டும் என்றால், தறியையும் பாவையும் அச்சையும் ஜக்கார்டுப் பெட்டியையும் எடுத்துக்கொள்ளும் உரிமையை எழுத்தில் கேட்டு, சீல் வைக்கும்முன் பட்டியல் எடுக்கச் சொல்லுங்கள். நூலுக்குச் சொந்தக்காரர் தனியாகவே தீர்ப்பாயத்துக்குப் போகலாம். 17-ஆம் பிரிவு கடனாளிக்கு மட்டுமல்ல, பாதிக்கப்பட்ட எவருக்கும் திறந்திருக்கிறது. மனுவைத் திரும்பப் பெறும் மெமோவில் இந்தக் கோரிக்கைக்கும் ஓர் இடம் வைத்துக்கொள்வது நல்லது.

நீதிமன்றத்துக்குப் போகாமலே வங்கி அடமானச் சொத்தை விற்கும் அதிகாரத்தை இலங்கையில் பரேட் என்று சொல்வார்கள். 1990-ஆம் ஆண்டின் 4-ஆம் இலக்கச் சட்டம் அங்குள்ள வங்கிகளுக்கு இதே போன்ற அதிகாரத்தைத் தந்தது. பொருளாதாரம் சரிந்து சிறு தொழில்கள் நசிந்தபோது, 2024-இல் அந்த நாட்டு நாடாளுமன்றம் அதைச் சில காலம் நிறுத்தியே வைத்தது. நம் மாநிலத்துக்கும் அப்படி ஒரு நினைவு உண்டு. ராஜாஜி அமைச்சரவையில் 1938-இல் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் வந்தது. கைத்தறிக்கு நெருக்கடி வரும் ஆண்டுகளில், நெய்பவரின் தறியிருக்கும் வீட்டை மட்டுமாவது சர்ஃபாசியிலிருந்து விலக்க வேண்டும் என்று நான் கருதுகிறேன். விவசாய நிலத்துக்கு 31-ஆம் பிரிவில் அந்த விலக்கு ஏற்கெனவே இருக்கிறது. உழுபவருக்கு நிலம் எப்படியோ, நெய்பவருக்குத் தறியிருக்கும் வீடும் அப்படியே. இதை இந்த ஊரின் சங்கங்கள் ஒரு கோரிக்கையாக எழுத வேண்டும்.

கடைசியாக, பேச்சுவார்த்தை வெற்றி பெற்ற பிறகு வரும் திரும்பப் பெறுதல். இதில்தான் மகிழ்ச்சியில் கவனம் தவறுகிறது. வங்கி ஒரு தொகைக்கு ஒப்புக்கொண்டுவிட்டது, மனுவை வாபஸ் வாங்கிவிடுங்கள் என்று கிளையிலிருந்து போன் வரும். போனை நம்பி வாபஸ் வாங்காதீர்கள். வங்கி ஏற்கெனவே தீர்ப்பாயத்திலோ நீதிமன்றத்திலோ வசூல் வழக்குப் போட்டிருந்தால், அங்கேயே சம்மதத் தீர்ப்பாணை வாங்க வேண்டும் என்று 2023 ஜூன் 8-இல் ரிசர்வ் வங்கி வெளியிட்ட சமரச நெறிமுறை சொல்கிறது. லோக் அதாலத்தில் முடித்தால் அந்தத் தீர்வு நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம், மேல்முறையீடு இல்லை, கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். நீங்களே வெளியில் பேசி முடித்துக்கொண்டாலும் கட்டணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று, சென்னை உயர் நீதிமன்றத்தின் நிர்வாகம் கொண்டுபோன மேல்முறையீட்டிலேயே, 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆனால் லோக் அதாலத் ஒப்பந்தத்தில் ஒரு வரியைத் தேடிப் படியுங்கள்: ஒரு தவணை தவறினால் முழுத் தொகையும் உயிர்பெறும் என்று பெரும்பாலும் எழுதியிருப்பார்கள். சேலை விற்றுப் பணம் வர எத்தனை நாளாகும் என்று கணக்குப் பார்த்துத் தவணையை வையுங்கள். கையெழுத்துக்கு முன் கேட்டால் மாற்றித் தருவார்கள்.

பணம் முழுதும் கட்டி முடித்ததும், 30 நாளுக்குள் வங்கி உங்கள் பத்திரங்களைத் திருப்பித் தந்தாக வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல், வங்கியின் காரணத்தால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும். தராவிட்டால் அது குறைதீர்ப்பாளரிடம் போக மிகச் சரியான புகார். பத்திரம் கைக்கு வந்ததோடு வேலை முடியவில்லை. சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானம் தீர்ந்ததற்கான ரசீதைப் பதிய வேண்டும். செர்சாய் மத்தியப் பதிவேட்டிலும் வங்கி தன் பதிவை நீக்க வேண்டும். புதிதாக ஒரு வில்லங்கச் சான்று போட்டு, அதில் அந்த ரசீது ஏறியிருப்பதைக் கண்ணால் பார்த்துவிட்டு, அதன் பிறகு தீர்ப்பாயத்தில் உள்ள மனுவைத் திரும்பப் பெறுங்கள்.